கிளம்பியவரைத் திரும்ப அழைத்தேன்

தஞ்சாவூரில் யாரிடம் பேச்சுக் கொடுத்தாலும் இரண்டாவது கேள்வி ஒன்றாகவே இருந்தது. "உங்களுக்குச் சொந்த ஊர் எது?" கிள்ளான் என்பேன், மலேசியா என்று சேர்த்துக்கொள்வேன். "அது சரிங்க, சொந்த ஊர்?" என்பார்கள். நாகப்பட்டினத்தில் கப்பலேறினார்கள் என்பதோடு எங்கள் குடும்பத்தின் ஞாபகம் நின்றுவிடுகிறது, எந்தக் கிராமத்திலிருந்து வந்து ஏறினார்கள் என்பது வீட்டில் யாருக்கும் தெரியாது என்று விளக்குவேன். கேட்டவர் முகம் வாடிவிடும். ஒரு காப்பிக் கடைக்காரர் மட்டும் டபராவை என் பக்கம் நகர்த்திக்கொண்டே, "போனாப் போவுது, தஞ்சாவூர்னே வெச்சுக்குங்க" என்று ஊரைத் தாராளமாகக் கொடுத்துவிட்டார். ஏழு நாட்களில் பதினான்கு பேர் இதைக் கேட்டதாக என் குறிப்பேட்டில் இருக்கிறது.

நான் ஆவணப்படம் எடுப்பவள். வயது ஐம்பத்தொன்று. தோட்டத்தை விட்டு நகரத்துக்குப் போனவர்கள், நகரத்தை விட்டு வெளிநாடு போனவர்கள் என்று, போகிறவர்களைப் பற்றியே இரண்டு படங்கள் எடுத்துவிட்டேன். மூன்றாவது, அவர்கள் போகும்போது வாசலில் நிற்பவர்களைப் பற்றியது. அதற்கு ஒரு புறப்பாடு தேவைப்பட்டது. நடித்துக் காட்டுவது அல்ல, உண்மையாகவே ஒருவர் வீட்டைவிட்டுக் கிளம்புவது. கோலாலம்பூரில் என்னோடு வேலை செய்யும் தோழியின் உறவினர் சிராஜுதீன். குவைத்தில் ஒரு பேரங்காடியின் குளிர்பதனக் கிடங்கில் இருப்பவர். விடுமுறை முடிந்து அவர் சனிக்கிழமை திரும்பப் போகிறார் என்று தெரிந்ததும் வந்துவிட்டேன். அவருடைய ஊர் மன்னார்குடிப் பக்கம். பெயரைப் போட வேண்டாம் என்று அவர் மனைவி கேட்டுக்கொண்டார். போடவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை மழையோடு கிளம்பினோம். வாடகைக் கார் ஓட்ட வந்தவர் ஆரோக்கியசாமி. நாற்பது வயதுக்காரர், கண்ணாடியில் ஜெபமாலை தொங்கும், வாய் ஓயாது. "படத்துல ஃபைட்டு உண்டாக்கா?" என்று கேட்டார். இல்லை என்றேன். "பாட்டு?" அதுவும் இல்லை. "அப்ப யாருக்கா பாப்பாங்க?" இருபத்தாறு வருடமாக இந்தத் தொழிலில் இருக்கிறேன், இதற்கு நல்ல பதில் ஒன்று இன்னும் கிடைக்கவில்லை.

பாதி வழியில் கண்ணாடி துடைப்பான் நின்றுவிட்டது. ஆரோக்கியசாமி காரை ஓரம் கட்டி, ஒரு பெட்டிக்கடையில் புகையிலை வாங்கி, அதை மழையில் நனைத்துக் கண்ணாடி முழுக்கத் தேய்த்தார். தண்ணீர் ஒட்டாமல் வழிந்தோடியது. கிள்ளானில் இப்படி ஆகியிருந்தால் இழுவை வண்டிக்குத் தொலைபேசியில் சொல்லிவிட்டு மூன்று மணி நேரம் உட்கார்ந்திருப்போம். இங்கே பன்னிரண்டு நிமிடம். கார் மட்டும் நாள் முழுக்கப் புகையிலை வாசம் வீசியது.

நடவு முடிந்து பயிர் வேர் பிடித்திருந்த நேரம். எங்கள் ஊரில் பச்சை என்றால் செம்பனை, எண்ணெய்ப் பனை. தலைக்கு மேலே நின்று வானத்தை மறைக்கும். இங்கே பச்சை முழங்காலுக்குக் கீழே கிடக்கிறது, அதனால் வானம் தேவைக்கு அதிகமாக இருக்கிறது. வாய்க்கால்களில் தண்ணீர் விளிம்பு வரை வந்து, மதகுகளில் சத்தமிட்டது. ஒலிப்பதிவுக்கு அது தொல்லை என்று குறித்துக்கொண்டேன்.

சிராஜுதீன் வீட்டில் எங்களை வரவேற்றது அவருடைய மகள் அஃப்ஸானா. பதினேழு வயது, பிளஸ் டூ. "அத்தா உங்களுக்கு டீ போடுறாங்களாம். தயவுசெஞ்சு தடுங்க" என்றாள். உள்ளே அவர் டப்பாக்களை ஒவ்வொன்றாகத் திறந்து மூடிக்கொண்டிருந்தார். நாற்பத்தேழு வயது, நெடிய ஆள், இஸ்திரி கலையாத சட்டை.

"சீனி எங்கம்மா?"

"அது அரிசி மாவு அத்தா. கீழ் தட்டுல பாருங்க. அது உப்பு. விட்டுடுங்க, நான் வர்றேன்."

அவர் கைகளைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தார். "அஞ்சு மாசம் மூணு வாரம் ஆச்சு மேடம், வந்து. இவளுக என்னை அடுப்படிப் பக்கமே விட்டதில்லை. விருந்தாளி கையை அலம்பிட்டு உட்காரணும், அவ்வளவுதான் என் வேலை."

அந்தத் தெருவில் வீடு பெண்ணுக்குத்தான். மணமுடித்ததும் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குக் குடிவருவார். சிராஜுதீன் அப்படி வந்தவர். அடுத்த வருடமே குவைத் போனவர். பத்தொன்பது வருடத்தில் அந்த வீட்டில் அவர் இருந்த நாட்களைச் சேர்த்தால் மூன்று வருடம் தேறாது. தெருவில் சிறியவர் பெரியவர் எல்லோருக்கும் அவர் இன்னும் "மாப்பிள்ளை"தான்.

அவருடைய மனைவி நூர்ஜஹான், நாற்பது வயது, அதிகம் பேசாதவர். மதியம் நெய்ச்சோறும் தாளிச்சாவும் கறி ஆணமும் வைத்தார். குழம்பை ஆணம் என்பதைக் கிள்ளானில் எங்கள் பக்கத்து வீட்டு மரைக்காயர் குடும்பத்தில் கேட்டிருக்கிறேன். நாற்பது வருடத்துக்குப் பிறகு மறுபடி கேட்டதில் எனக்கு ஒரு கரண்டி கூடுதலாக இறங்கியது. சிராஜுதீன் தட்டில் கறித்துண்டு காலியாகும்போதெல்லாம் நூர்ஜஹான் கேட்காமலே வைத்தார். அவர் போதும் என்று சொல்லவே இல்லை. இருவரும் சாப்பாட்டு நேரம் முழுக்கப் பேசிக்கொண்டது நான்கு வார்த்தை. எண்ணிவிட்டேன்: "உப்பு?" "சரியா இருக்கு." "சரி."

விஷயம் அன்று மாலையே எனக்குப் புரிந்தது. ஆறு மாதத்துக்குமேல் வெளியே தங்கினால் அவருடைய குவைத் அனுமதி ரத்தாகிவிடும். சனிக்கிழமை போகாவிட்டால் இனி எப்போதும் போக வேண்டியதில்லை. மன்னார்குடியில் மைத்துனர் வைத்திருக்கும் மளிகை மொத்தக் கடையில் இவருக்கு ஓர் இடம் காத்திருந்தது. போவதா, இருப்பதா? வீட்டில் யாரும் இதை வாய்விட்டுப் பேசவில்லை. பெட்டி மட்டும் கூடத்தில் திறந்தபடி கிடந்தது.

புதன்கிழமை மழை ஓய்ந்த நேரத்தில் சிராஜுதீனை ஆற்றுப் படித்துறையில் உட்காரவைத்துப் பேட்டி எடுத்தேன். முதல் இருபது நிமிடம் குவைத்தைப் பற்றிச் சொன்னார். கிடங்கில் குளிர் மைனஸ் பதினெட்டு. வெளியே வந்தால் வெயில் ஐம்பது. ஒரு கதவுக்கு இந்தப்பக்கமும் அந்தப்பக்கமும் இரண்டு வேறு சட்டைகள். பிறகு, இந்தமுறை போவதில் அவருக்கு விருப்பமா என்று கேட்டேன்.

படியில் கிடந்த சருகு ஒன்றைத் தண்ணீரில் தள்ளிவிட்டார். "அவ ஒரு தடவை, ஒரே ஒரு தடவை 'போகாதீங்க'ன்னு சொல்லிட்டா நின்னுடுவேங்க. பத்தொன்பது வருஷமாச் சொன்னதில்லை. 'சரி, போயிட்டு வாங்க.' அவ்வளவுதான்."

"நீங்களே கேட்கலாமே?"

"கேட்டு, அவ 'போயிட்டு வாங்க'ன்னுட்டா? அப்புறம் எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டு இருக்கிறது? அவ வீடு மேடம் அது. அவ தனியா நடத்திக்கிட்டு வர்ற வீடு. நான் இருந்தா எடைஞ்சலோ என்னமோ, யாருக்குத் தெரியும்?"

இருபத்திரண்டாவது நிமிடத்தில் இதைச் சொன்னார். நேரத்தைக் குறித்துவைத்தேன்.

வியாழக்கிழமை நூர்ஜஹான். அடுப்படியில், தேங்காய் துருவிக்கொண்டே பேசுவதாகச் சொன்னார்; சும்மா உட்கார்ந்தால் பேச்சு வராதாம். சேலை முக்காட்டில் மைக்கைக் குத்தும்போது ஒரு நிபந்தனை போட்டார்: தான் சொல்வதை இப்போது கணவரிடம் காட்டவும் கூடாது, சொல்லவும் கூடாது. அது என்னுடைய நிபந்தனையும்தான் என்றேன். ஒரே வீட்டில் இரண்டு பேரைத் தனித்தனியே பேட்டி எடுக்கும்போது, ஒருவர் சொன்னதை மற்றவரிடம் நான் கொண்டுபோவதில்லை. முன்பொரு முறை கொண்டுபோனேன். அந்த வீட்டு அண்ணன் தம்பி இன்றுவரை பேசிக்கொள்வதில்லை.

"அவர் போனப்புறம் பத்து நாளைக்கு அவருக்கும் சேர்த்தே அரிசி அளந்துடுவேன்க்கா" என்றார் நூர்ஜஹான். "கை நிக்காது. மிஞ்சினதை மறுநாள் தண்ணி ஊத்தி நானே தின்னுடுவேன். பிள்ளை கண்ணுல படக் கூடாதுல்ல."

"அவர் இங்கேயே இருந்துவிட வேண்டும் என்று நினைக்கிறீர்களா?"

துருவுகிற சத்தம் நின்றது. "நினைக்காம?"

"சொல்லலாமே."

"நான் சொல்லி நின்னாருன்னு வைங்க. நாளைக்குக் கடையில ஏதோ ஒரு கொறை வரும். அன்னைக்கு நாலு பேர் முன்னாடி, 'இவ பேச்சைக் கேட்டு நின்னேன்'னு ஒரு வார்த்தை வந்துடும். அந்த வார்த்தைக்கு அப்புறம் அவர் வீட்ல இருந்தென்ன, குவைத்துல இருந்தென்ன? அவராத்தான் நிக்கணும்." மறுபடி துருவத் தொடங்கினார். "இதெல்லாம் எடுக்கிறீங்களா?"

"எடுக்கிறேன்."

"எடுங்க. அவருகிட்டச் சொல்லிடாதீங்க."

அன்று மாலை விடுதிக்குத் திரும்பும் வழி முழுக்க ஜன்னலில் தலைசாய்த்தபடி வந்தேன். இரண்டு பேட்டிகளும் கட்டைவிரல் நகம் அளவுள்ள ஒரே நினைவக அட்டையில், என் சட்டைப் பையில் இருந்தன. இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுக் காட்டினால் பெட்டியை மூடிப் பரண்மேல் ஏற்றிவிடுவார்கள். எனக்கு வேண்டிய புறப்பாடு கிடைக்காது, அது பரவாயில்லை. ஆனால் கொடுத்த வார்த்தை?

"என்னக்கா, வயிறு சரியில்லையா?" என்றார் ஆரோக்கியசாமி. ஆமாம் என்றேன். மோர் வாங்கிக் கொடுத்தார்.

வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்ததும் தெருவே கையில் பொட்டலத்தோடு வந்தது. குவைத்தில் இருக்கும் கணவனுக்கு, மகனுக்கு, மருமகனுக்குக் கொடுத்தனுப்ப: ஊறுகாய், கருவாடு, முறுக்கு, சித்த மருந்து, ஒரு ஜோடி மூக்குக் கண்ணாடி, ஒருவர் மகன் நிக்காஹ் புகைப்பட ஆல்பம். போகிற ஒருவரின் பெட்டியில் தெருவுக்கே பங்கு உண்டு என்பது இங்கே எழுதாத ஏற்பாடு. சிராஜுதீன் யாருக்கும் மறுப்புச் சொல்லவில்லை. அஃப்ஸானா கொக்கித் தராசில் பெட்டியை மாட்டித் தூக்கினாள். முப்பத்து மூன்று கிலோ. மூன்று கிலோ குறைய வேண்டும். நூர்ஜஹான் குனிந்து, தான் வைத்திருந்த இரண்டு டப்பாக்களை வெளியே எடுத்தார். ஒன்றில் வறுத்த அரிசி மாவு, மற்றதில் இறால் தொக்கு. தராசு முப்பதுக்கு வந்தது.

"ஏன், அந்தக் கருவாட்டை எடுக்கிறதுதானே?" என்றார் சிராஜுதீன்.

"அது மெஹராஜ் லாத்தா கொடுத்தது."

பக்கத்து வீட்டு மெஹராஜ், தெருவுக்கே லாத்தா, அதாவது அக்கா, அங்கேயேதான் நின்றார். அறுபது வயது, கணீர்க் குரல். "என் கருவாட்டுல கை வைக்கிறவன் கை விளங்காது மாப்ள" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். டப்பாக்கள் அடுப்படிக்குத் திரும்பிப் போயின.

எனக்கு அதைப் பார்க்கப் பொறாமையாகக்கூட இருந்தது. நான் படப்பிடிப்புக்குக் கிளம்பும்போது கிள்ளான் வீட்டில் வாசலுக்கு யாரும் வருவதில்லை. வருவதற்கு ஆள் இல்லை. மின்விசிறியை அணைத்தேனா என்று இருமுறை திரும்பிப் போய்ப் பார்ப்பேன், பிறகு பூட்டுவேன். என் பெட்டி எப்போதும் எடைக்குள்தான் இருக்கும்.

சனிக்கிழமை காலை பதினொன்றரை. வாசலில் இருபது பேருக்குமேல் கூடிவிட்டார்கள். சிராஜுதீன் புதுச் சட்டையில் கூடத்து நடுவே நின்று கையேந்தித் துவா ஓதினார். மகளை அணைத்து உச்சியில் முத்தமிட்டார். நூர்ஜஹான் உள்வாசல் திரைக்குப் பின்னால் நின்றார்; திரை விளிம்பில் அவர் விரல்கள் மட்டும் தெரிந்தன.

"சார்ஜர் எடுத்தீங்களா?"

"எடுத்துட்டேன்."

"பாஸ்போர்ட்டு?"

"பையில."

"சரி. போயிட்டு வாங்க."

அவர் வலது காலை முன்வைத்துப் படி இறங்கினார், தெருவில் நடந்தார், கார்க் கதவைத் திறந்தார். நான் பின்னாலேயே காமிராவோடு போனேன். ஒரு நிமிடம் ஐம்பது நொடி. எனக்கு வேண்டியது அப்படியே கிடைத்தது என்று நினைத்தபடி, பதிவைச் சரிபார்க்கக் காதில் ஹெட்போனை அழுத்தினேன். ஒன்றுமில்லை. மழைக்குப் பிந்தைய தெருபோல் வெறும் அமைதி. நூர்ஜஹானின் முக்காட்டில் மைக் இருந்தது. அதன் ஒலியை வாங்கும், என் இடுப்பில் இருந்த ரிசீவரை நான் முடுக்கவே இல்லை. படப்பிடிப்புக்கு முன் பார்க்க வேண்டியவை என்று பன்னிரண்டு வரிப் பட்டியல் ஒன்று வைத்திருக்கிறேன். பதினான்கு வருடமாக ஒரு வரியையும் தவறவிட்டதில்லை. அன்று ஏழாவது வரியைத் தவறவிட்டேன். காலையிலிருந்து என் கவனம் சட்டைப் பையிலிருந்த அந்த அட்டையில் இருந்தது.

தொழில் புத்தி முந்திக்கொண்டது. "ஒரு நிமிஷம்! சத்தம் பதிவாகலை. இன்னொரு தடவை உள்ளேயிருந்து வர முடியுமா?" என்று கத்திவிட்டேன்.

தெரு முழுக்கத் திரும்பிப் பார்த்தது. பிறகு மெஹராஜ் வெடித்தார். "நல்லா இருக்கே! கிளம்பிப் படி இறங்கின மனுசனைத் திரும்பக் கூப்பிடுறதா? உங்க மலேசியாவுல இதெல்லாம் பாக்க மாட்டீங்களா?"

எங்கள் ஊரிலும் பார்ப்போம். என் அம்மா பார்ப்பார். எனக்குக் காது சுட்டது. வேண்டாம், விட்டுவிடுங்கள் என்றேன். ஆனால் சிராஜுதீன் அதற்குள் கார்க் கதவைச் சாத்திவிட்டுத் திரும்பி நடந்துகொண்டிருந்தார். "பாவம், கடல் தாண்டி வந்திருக்காங்க லாத்தா. ஒரு தடவைதானே."

"அப்ப வந்தவுடனே போயிடக் கூடாது" என்று மெஹராஜ் சட்டம் சொன்னார். "உள்ள போய் உட்காரு. ஒரு வாய் தண்ணி குடி. வேற பயணமாக் கிளம்பு. நூரு, தண்ணி கொண்டா."

அவர் கூடத்து நாற்காலியில் உட்கார்ந்தார். நூர்ஜஹான் திரைக்குப் பின்னாலிருந்து சொம்போடு வந்தார். சிராஜுதீன் மெதுவாகக் குடித்தார். ஒரு வாய் போதும் என்றார்கள். அவர் சொம்பு முழுவதையும் குடித்தார். அவ்வளவு நேரமும் நூர்ஜஹான் பக்கத்திலேயே நின்றார். நான் ரிசீவரை முடுக்கி, ஒலி அளவைப் பார்த்து, தலையாட்டினேன். நூர்ஜஹானிடம் நான் சொன்னது இது மட்டுமே: "முன்னே நின்ன இடத்துல நின்னா போதும்."

அவர் அங்கே நிற்கவில்லை. திரைக்கு இந்தப்பக்கம், கூடத்துத் தூண் ஓரமாக நின்றார். சிராஜுதீன் எழுந்தார், பையைத் தோளில் மாட்டினார், வாசல் பக்கம் திரும்பினார். சார்ஜர் கேள்விக்காக நான் காத்திருந்தேன்.

"போகாதீங்க மச்சான்."

தெளிவாக, கூடம் முழுக்கக் கேட்கும்படி சொன்னார். வாசலில் நின்றவர்கள் உள்ளே எட்டிப் பார்த்தார்கள். பிறகு கூட்டம் கொல்லென்று சிரித்தது. மெஹராஜ் கைதட்டினார். "அடி ஆத்தி, நூரு! சீரியல்ல சேந்துடு!" அஃப்ஸானா வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். சிராஜுதீனும் சிரித்தார், கண் சுருங்கச் சிரித்தார். "பாருங்களேன், படம்னதும் வசனமெல்லாம் வருது!" என்றார். நூர்ஜஹானும் முக்காட்டால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்.

மைக் அந்த முக்காட்டில்தான் இருந்தது. சிரிப்புச் சத்தத்துக்கு அடியில், ஹெட்போன் போட்டிருந்த எனக்கு மட்டும் கேட்கும்படி, அதே வார்த்தை இன்னொரு முறை வந்தது. இந்தமுறை வெறும் மூச்சாக.

சிராஜுதீன் வலது காலை வைத்துப் படி இறங்கினார். திரும்பிப் பார்க்கவில்லை; திரும்ப வந்து கிளம்புகிறவர் பார்க்கக் கூடாதாம்.

விமான நிலையம் வரை அவரோடு போய்ப் படம் எடுப்பதாக ஏற்பாடு. நீடாமங்கலத்தில் ரயில்வே கேட் மூடியிருந்தது. நெல் ஏற்றிய சரக்கு ரயில் ஒன்று முன்னும் பின்னும் போய்க்கொண்டிருந்தது. ஆரோக்கியசாமி இன்ஜினை அணைத்துவிட்டு, "இனி அரை மணிக்குக் கவலையில்லை" என்று இறங்கிக் கடலை வாங்கி வந்தார். கிள்ளானில் ஒரு சமிக்ஞை விளக்கு நான்கு நிமிடம் மாறாவிட்டால் ஹார்ன் அடித்தே கொன்றுவிடுவோம். இங்கே பேருந்திலிருந்து இறங்கியவர்கள் குடும்பக் கதை பேச ஆரம்பித்துவிட்டார்கள்.

"பாத்தீங்களா மேடம் அவ நடிப்பை" என்றார் சிராஜுதீன், கடலையை உரித்துக்கொண்டு. "பத்தொன்பது வருஷத்துல ஒரு தடவை சொல்லியிருப்பாளா? படத்துக்குன்னா சொல்றா. நீங்க சொல்லிக்கொடுத்ததை அப்படியே சொல்லிட்டா."

காமிரா மடியில் இருந்தது. முடுக்கவில்லை. நூர்ஜஹான் அடுப்படியில் சொன்னதை நான் சொல்லக் கூடாது. ஆனால் நான் என்ன சொன்னேன், என்ன சொல்லவில்லை என்பது என் சொத்து.

"நான் அவங்களுக்கு எந்த வசனமும் சொல்லிக்கொடுக்கலை" என்றேன். "நின்ன இடத்துல நில்லுங்கன்னு மட்டும்தான் சொன்னேன்."

கடலை உரிக்கும் கை நின்றது.

"நிஜமா?"

"நிஜமா."

சரக்கு ரயில் போனது. கேட் திறக்கவில்லை, எதிர்த் திசையில் இன்னொன்று வரவேண்டியிருந்தது. அவர் கைப்பேசியை எடுத்து வீட்டுக்கு அழைத்தார். ஒலிபெருக்கியில் போட்டிருந்தார், மறைக்கத் தோன்றவில்லை போலிருக்கிறது.

"நூரு."

"சொல்லுங்க. எங்க இருக்கீங்க?"

"நீடாமங்கலம் கேட்டு."

"மூடியிருக்கா?"

"ஆமா." கடலைத் தோலை ஜன்னல் வழியே உதறினார். "சாப்பிட்டியா?"

"இனிமேத்தான். அங்க மழையா?"

"இல்ல. தூறல்." மூடியிருந்த கேட்டைப் பார்த்தார். "அப்புறம்?"

"ஒண்ணுமில்ல. பாத்துப் போங்க."

"சரி."

வைத்துவிட்டார். ஆரோக்கியசாமி, பின்பக்கம் பார்க்காமல், "திருப்பணும்னா இப்பவே சொல்லுங்கண்ணே. கேட்டு திறந்துட்டா பின்னால இருக்கிறவன் விட மாட்டான்" என்றார். சிராஜுதீன் சிரித்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கேட் திறந்தது. எல்லா வண்டியும் ஒரே நேரத்தில் நகர்ந்தது, நாங்களும் நகர்ந்தோம்.

தஞ்சாவூர் தாண்டி, வல்லம் தாண்டி, அவர் இரண்டு முறை அதே கேள்வியைக் கேட்டார். "நீங்க சொல்லலையா?" இரண்டு முறையும் இல்லை என்றேன்.

திருச்சி விமான நிலையத்தில் மூன்றேகால். பெட்டியைத் தள்ளுவண்டியில் வைத்துவிட்டு உள்ளே போகாமல் நின்றார். "மேடம், அவ சொன்னது பதிவாகியிருக்கில்ல? படம் வேண்டாம். சத்தம் மட்டும் எனக்கு அனுப்புவீங்களா? இப்பவே?"

அந்த மைக்கில் இருப்பது முழுவதையும் அவர் இன்னும் கேட்டதில்லை. கேட்டால் உள்ளே போவாரா என்பது எனக்குத் தெரியாது. அந்தக் குரல் நூர்ஜஹானுடையது. அவரிடம் கேட்காமல் கொடுக்க முடியாது என்றேன். கேளுங்கள் என்றார். நான் இருபதடி தள்ளிப் போய் அழைத்தேன். முக்காட்டுக்குள் சொன்னதும் பதிவாகியிருக்கிறது என்பதையும் மறைக்காமல் சொன்னேன்.

எதிர்முனையில் பாத்திரம் ஒன்றைக் கீழே வைக்கும் சத்தம் கேட்டது.

"அவர் உள்ள போயிட்டாராக்கா?"

"இன்னும் இல்லை. இங்கேதான் நிக்கிறார்."

பிறகு குழாய்த் தண்ணீர் விழும் சத்தம் மட்டும். நான் கடிகாரத்தைப் பார்த்தேன்; நாற்பது நொடி.

"போனப்புறம் அனுப்புங்க" என்றார்.

திரும்பி வந்து, அனுப்புவேன், கொஞ்சம் பொறுங்கள் என்று மட்டும் சொன்னேன். அவர் தலையசைத்தார். கடவுச்சீட்டைக் காவலரிடம் காட்டிக் கண்ணாடிக் கதவுக்குள் போனார். பெட்டியின் ஒரு சக்கரம் நிலையில் தட்டியது. குனிந்து தூக்கி வைத்துக்கொண்டு போனார். மூன்று நாற்பத்தைந்துக்குப் பதினோரு நொடி ஒலித்துண்டை அவர் எண்ணுக்கு அனுப்பினேன். நான்கு பத்துக்கு, கேட்டுவிட்டார் என்று நீலக்குறி வந்தது. பதில் வரவில்லை.

ஆரோக்கியசாமி காரைக் கொண்டுவந்து நிறுத்தினார். "போலாமாக்கா?"

"கொஞ்சம் இருங்க."

அவர் கதவை நோக்கி நான் நிற்பதைப் பார்த்தார். வண்டியை நிறுத்துமிடத்துக்குக் கொண்டுபோய் விட்டுவிட்டு, இரண்டு தேநீரோடு வந்தார். கண்ணாடிக் கதவு ஒவ்வொரு முறை திறந்தபோதும் இருவரும் நிமிர்ந்தோம். காகிதக் குவளையோடு ஒரு காவலர், யாரையோ வழியனுப்பிவிட்டு வந்த ஒரு பெண், தள்ளுவண்டிகளைக் கோத்துக்கொண்டு போன ஒரு பணியாள். ஐந்து மணிக்கு மழை பிடித்தது. ஐந்தரைக்கு விட்டது. ஆறு இருபதுக்கு விமானம் சொன்ன நேரத்துக்குக் கிளம்பியது. எங்கள் தலைக்குமேல் கிழக்கே ஏறி, வளைந்து, மேற்கே போனது.

"வர மாட்டாருக்கா" என்றார் ஆரோக்கியசாமி மெல்ல.

தெரியும் என்றேன். நகரவில்லை.

ஆறு முப்பத்திரண்டுக்கு என் கைப்பேசியில் ஒரு குரல் செய்தி வந்தது. நூர்ஜஹான். பின்னணியில் தெருச் சத்தம். வாசலில் நின்று பேசியிருக்க வேண்டும்.

"அக்கா, அவர் வெளியில ஏதும் வந்தாரா?"

கண்ணாடிக் கதவை இன்னொரு முறை பார்த்துவிட்டுத்தான் பதில் அனுப்பினேன்.